குட்டிராணியின் இடது காது

என் மனைவி கீர்த்திகா ஆவணப்பட இயக்குநர். போன பங்குனி வரை மூன்று படம் எடுத்து முடித்திருந்தாள். மூன்றிலும் எதுவுமே நகராது.

இதைக் குறையாகச் சொல்லவில்லை. அவள் எடுப்பதே போட்டோக்களைப் பற்றிய படங்கள்தான். போட்டோ சும்மா இருக்கிறது, அதை ஏன் ஆட்டிவைக்க வேண்டும் என்பது அவள் கட்சி. உயிரோடு இருக்கிற மனிதர்களைப் படம் பிடித்தாலும் அவர்களை அசையாமல் உட்காரவைத்துத்தான் பிடிப்பாள். நான் சிவகாசியில் பிரஸ் வைத்திருக்கிறேன். பட்டாசுப் பெட்டிகளுக்கு லேபிள் அடித்துக் கொடுப்பது என் தொழில். கேமரா ஸ்டாண்டைத் தூக்குவது, பையைச் சுமப்பது, கார் ஓட்டுவது, ஒலிப்பதிவின்போது இருமாமல் இருப்பது, இதெல்லாம் என் இல்லறம்.

முதல் படம் பாஸ்போர்ட் சைஸ் போட்டோக்களைப் பற்றியது. இருநூற்றுப் பதினான்கு முகங்கள் ஒன்றன்பின் ஒன்றாக வந்து முறைத்துவிட்டுப் போகும். விருதுநகரில் அவள் சித்தப்பா மகள் கல்யாணத்துக்கு முந்தின நாள் மண்டபத்தில் போட்டுக் காட்டினோம். பாதிப் படத்தில் சமையல்காரர் வந்து, மெஷின் நின்றுபோச்சு போலிருக்கு, எலக்ட்ரீஷியனைக் கூப்பிடவா என்று கேட்டார்.

இரண்டாவது படத்துக்கு நிறைய அலைந்தோம். பள்ளிக்கூட குரூப் போட்டோக்களில் யாராவது ஒருவர் கண்ணை மூடியிருப்பார் அல்லவா, அப்படி மூடியவர்களை முப்பது வருடம் கழித்துத் தேடிப் பிடித்து, அந்த நொடியில் உங்கள் மனதில் என்ன ஓடியது என்று கேட்பதுதான் படம். முப்பத்தாறு பேரைக் கேட்டாள். முப்பத்தாறு பேரும் வெயில் என்றார்கள். எங்கள் மாவட்டத்தில் வேறு என்ன சொல்வார்கள்? நாற்பது நிமிடப் படத்தில் வெயில் என்ற சொல் முப்பத்தாறு தடவை வரும். அதற்குச் சொந்தக்காரர்கள் நடத்துகிற ஒரு சங்கத்தில் சான்றிதழ் கொடுத்தார்கள். அந்தச் சான்றிதழையும் நான்தான் அச்சடித்துக் கொடுத்தேன்.

மூன்றாவது, கடைகளில் கல்லாப்பெட்டிக்கு மேலே மாலையோடு தொங்குகிற நிறுவனர்களைப் பற்றியது. குங்குமத்தை நெற்றியில் வைப்பதாக நினைத்துக் கண்ணாடியில்தான் வைக்கிறோம், உள்ளே படம் வருடத்துக்கு ஒரு நூல் இறங்குகிறது, ஆகவே இருபது வருடத்தில் பொட்டு தலைமுடிக்கு ஏறிவிடுகிறது என்று அவள் கண்டுபிடித்தாள். நல்ல கண்டுபிடிப்புதான். ஆனால் படத்தைப் பார்த்தவர்கள் எல்லாரும் உறவினர்கள். அவர்களிலும் பாதிப் பேர் தங்கள் தாத்தா எப்போது வருவார் என்று காத்திருந்தவர்கள்.

இப்படிப் போய்க்கொண்டிருந்த அவள் தொழிலில்தான் போன பங்குனியில் ஒரு விடிவு வந்தது. கொச்சியில் போட்டோக்களைப் பற்றிய படங்களுக்கென்றே ஒரு விழா நடத்துகிறார்களாம். உலகத்தில் இவளைப் போல இன்னும் சிலர் இருக்கிறார்கள் என்பதே எனக்கு அன்றைக்குத்தான் தெரியும். அடுத்த படத்துக்கு என்ன யோசனை என்று எழுதி அனுப்பியிருந்தாள். அவர்கள் சம்மதித்துவிட்டார்கள். முதல்முறையாக உறவினர் அல்லாதவர்கள் அவள் படத்தைப் பார்க்கப் போகிறார்கள். அவள் முகம் அப்படி மலர்ந்து நான் பார்த்ததில்லை. எனக்கும் சந்தோஷமாகத்தான் இருந்தது. என்ன யோசனை என்று கேட்கும் வரை.

குட்டிராணி மார்க் கம்பி மத்தாப்பு உங்களுக்குத் தெரியும். நாற்பது வருடத்துக்கு மேலாக அதே பெட்டி. ரோஸ் கலர் கவுன் போட்டு, தலை நிறையப் பூ வைத்து, கன்னத்தில் திருஷ்டிப் பொட்டோடு ஒரு பெண்குழந்தை சிரிக்கும். அந்தக் குழந்தை யார், இப்போது எங்கே இருக்கிறது, அதைக் கண்டுபிடிப்பதுதான் படம். கடைசிக் காட்சியில் அந்தக் குழந்தையே கேமரா முன்னால் உட்காரும் என்று எழுதிக் கொடுத்துவிட்டாள். ஆவணி முடிவதற்குள் படம் போய்ச் சேர வேண்டும். குழந்தை கிடைக்காவிட்டால் படம் கிடையாது.

அந்தக் குழந்தை நான்.

இதைப் படித்துச் சிரிப்பவர்கள் முதலில் தங்கள் வீட்டு ஆல்பத்தைப் புரட்டிப் பார்க்கட்டும். ஆண்பிள்ளைக்கு முடியிறக்குவதற்கு முன்னால், இருக்கிற முடியில் பூ வைத்து, பக்கத்து வீட்டுக் கவுனை இரவல் வாங்கி மாட்டி, ஸ்டூடியோவுக்குத் தூக்கிக்கொண்டு போகாத அம்மா நம் ஊரில் உண்டா? என் அம்மாவுக்கு நான் மூன்றாவது பையன். பெண்பிள்ளை வேண்டும் என்று ஏங்கியவள், அன்று ஒரு நாள் ஆசை தீர அலங்காரம் செய்துவிட்டாள். அது ஆல்பத்தோடு போயிருந்தால் பிரச்சினை இல்லை. அந்த வருடம் புதிதாக மத்தாப்பு போட ஆரம்பித்த லட்சுமிகாந்தம் என்பவருக்கு அவசரமாக ஒரு லேபிள் தேவைப்பட்டது. சீசன் நெருங்கிவிட்டது, படம் வரைகிற ஆள் ஊரில் இல்லை. அப்போது பிரஸ்ஸை நடத்திய என் அப்பா வீட்டுக்கு வந்தார், மேசையில் கிடந்த போட்டோவை எடுத்துக்கொண்டு போனார். பெற்ற மகனை லேபிளாக அடித்து, லோடு லோடாகப் பீகாருக்கு அனுப்பிவிட்டார்.

எனக்கு விவரம் தெரிந்தது ஒன்பதாவது வயதில். அம்மாதான் பெருமையாகச் சொன்னாள். அன்றைக்கே வீட்டிலிருந்த போட்டோவை எடுத்துக் கிழித்து, பிரஸ்ஸில் வெட்டுக் காகித மூட்டைக்குள் போட்டேன். அண்ணன்மார் இருவரும் வேலைக்குப் போன ஊர்களிலேயே தங்கிவிட்டார்கள். அவர்களுக்கு இது ஞாபகமும் இல்லை. அப்பாவும் அம்மாவும் காலமாகிவிட்டார்கள். பிரஸ் என் கைக்கு வந்தது, குட்டிராணி ஆர்டரும் கூடவே வந்தது. வருடத்துக்கு நாற்பது லட்சம் தடவை என்னை நானே கவுனில் அச்சடிக்கிறேன். இந்த வேதனை வேறு எந்தப் பிரஸ்காரனுக்கும் வந்திருக்காது.

அந்த லேபிளை மாற்ற நான் முயலாமல் இல்லை. ஒருமுறை அழகான பஞ்சவர்ணக் கிளி ஒன்றைப் போட்டு டிசைன் கொடுத்தேன். ராணி இல்லாத பெட்டி வேண்டாம் என்று பாட்னாவிலிருந்து பெட்டிகள் திரும்பி வந்தன. அடுத்த முயற்சி இன்னும் மோசம். என் இடது காதுக்கு முன்னால், காது தொடங்குகிற இடத்தில், பிறவியிலேயே ஊசி குத்தினாற்போல் ஒரு சின்னத் துளை உண்டு. அது லேபிளில் ஒரு புள்ளியாகத் தெரியும். கம்ப்யூட்டர் வந்த புதிதில் அந்தப் புள்ளியை மட்டும் அழித்துவிட்டு அடித்தேன். இரண்டே வாரத்தில் டீலர்கள் போன் செய்தார்கள். காதில் புள்ளி இல்லை, இது டூப்ளிகேட் சரக்கு என்றார்கள். அந்தப் புள்ளியைப் பார்த்துத்தான் அசலா போலியா என்று வடக்கே கண்டுபிடிக்கிறார்களாம். மறுபடியும் என் காதில் நானே ஓட்டை போட்டு அச்சடித்தேன்.

ஏன் இப்படிப் பயப்படுகிறாய் என்று கேட்கலாம். எங்கள் ஊரில் பட்டப்பெயர் வைத்தால் அது உடம்போடு வளரும். என்னோடு படித்த ராஜபாண்டியன் ஐந்தாம் வகுப்பில் ஒருநாள் ரோஸ்மில்க் குடித்து வாந்தி எடுத்தான். இன்றைக்கு இரண்டு பேருந்துக்குச் சொந்தக்காரன். இன்னமும் ரோஸ்மில்க் அண்ணாச்சி என்றால்தான் ஆட்டோக்காரருக்கு அவன் வீடு தெரியும். நானோ மீசைக்காரன். சைக்கிள் கைப்பிடி மாதிரி இரண்டு பக்கமும் வளைத்துவிட்டிருப்பேன். இந்த மீசைக்கு மேலே குட்டிராணி என்று பெயர் விழுந்தால் நான் ஊரை விட்டுப் போக வேண்டியதுதான்.

கீர்த்திகா தேடலை அறிவித்த மறுநாளிலிருந்து கிருதா வளர்த்தேன். மூன்று வாரத்தில் காதுப் பக்கம் தேங்காய் நார் மாதிரி அடர்ந்து துளை மறைந்துவிட்டது. பதினெட்டு வருடக் குடித்தனத்தில் அவள் அந்தத் துளையைப் பார்த்திருக்க மாட்டாளா என்று நீங்கள் கேட்பது புரிகிறது. அவளை உங்களுக்குத் தெரியாது. போட்டோவில் இருந்தால் குண்டூசியும் அவள் கண்ணுக்குத் தப்பாது. நேரில் நடமாடுகிறவனைப் பார்க்கிற பழக்கமே அவளுக்குக் கிடையாது. ஒருமுறை திருச்செந்தூரில் முடியிறக்கியபோது மீசையையும் சேர்த்து எடுத்துவிட்டு வந்தேன். நாலாவது நாள்தான் கேட்டாள்.

வாட்ஸ்அப்பில் செய்தி போட்டாள். நாற்பத்தைந்து வயது சுமாருக்கு இருபத்தேழு பெண்கள் வந்தார்கள். எல்லாரையும் அவரவர் அம்மா அப்படிச் சொல்லி வளர்த்திருக்கிறாள். தாயில்பட்டியிலிருந்து வந்த பஞ்சம்மாள் என்பவர், தன் தங்கைதான் அந்தக் குழந்தை, ஆனால் கவுன் தன்னுடையது, ஆகவே தன்னையும் படத்தில் சேர்க்க வேண்டும் என்றார். கீர்த்திகா யாருடைய கதையையும் மறுக்கவில்லை. பொறுமையாகக் கேட்டுவிட்டு, வலப்பக்கம் திரும்பி உட்காரச் சொல்லி இடது காதை ஒரு போட்டோ எடுத்துக்கொள்வாள். முகம் மாறும், காது மாறாது என்பாள். அந்தப் புள்ளி அச்சடிக்கிற பிளேட்டில் விழுந்த தூசியாக இருக்கலாமே என்று தொழில் தெரிந்தவனாக எடுத்துச் சொன்னேன். பிளேட் மாறிக்கொண்டே இருக்கும்போது தூசி மட்டும் நாற்பது வருடம் அதே இடத்தில் எப்படி விழும் என்று கேட்டாள். பிரஸ்காரன் பெண்டாட்டியிடம் தொழிலைக் காட்டிப் பிழைக்க முடியாது.

இருபத்தெட்டாவது பெண் மட்டும் எங்களைத் தேடி வரவில்லை. ஆனைக்குட்டத்தில் அவர் இருக்கிறார், நீங்கள்தான் போய்ப் பார்க்க வேண்டும் என்று ஊர்க்காரர்கள் சொல்லி அனுப்பினார்கள்.

அவர் பெயர் பாண்டிலட்சுமி. நிலபுலன் உள்ள குடும்பம். வீட்டுக்காரர் உக்கிரபாண்டி பருத்தியும் சோளமும் போடுகிறார். பெண் பார்க்கப் போனபோது மத்தாப்புப் பெட்டியைக் காட்டித்தான் தனக்குச் சம்பந்தம் பேசினார்கள் என்று அவர் பெருமையாகச் சொன்னார். அந்த ஊரில் ஒரு வழக்கம் இருக்கிறது. தீபாவளி அன்று சாயங்காலம் எந்தப் பிள்ளையும் தானாக மத்தாப்பு கொளுத்தாது. முதல் பாக்கெட்டைப் பாண்டிலட்சுமியிடம் கொண்டுவந்து கொடுக்கும். அவர் தலைக்குக் குளித்துப் புதுச்சேலை கட்டி வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருப்பார். ஒவ்வொரு பிள்ளைக்கும் முதல் கம்பியை அவரே பற்றவைத்துக் கொடுப்பார். பெட்டியில் இருக்கிற ராணியே கொளுத்திக் கொடுத்தால் கையில் சுடாது என்று நம்பிக்கை. முப்பது வருடமாக நடக்கிறது. அவர் பிரசவத்துக்காக ஆஸ்பத்திரியில் இருந்த தீபாவளிக்குக்கூட நடந்ததாம், ஆஸ்பத்திரி வாசலில்.

எனக்குக் கோவிலுக்கு வந்த மாதிரி இருந்தது. இவரே இருந்துவிட்டுப் போகட்டுமே. இதைவிட நல்ல ராணி எங்கே கிடைக்கும்? இவர் பெயரும் காப்பாற்றப்படும், என் மீசையும் காப்பாற்றப்படும், இவள் படமும் கொச்சிக்குப் போகும். கீர்த்திகா அவர் இடது காதைப் போட்டோ எடுத்தாள். மழமழவென்று இருந்தது. வயதானால் துளை மூடிக்கொள்ளும் என்று நான் மெதுவாகச் சொன்னேன். கீர்த்திகா கேமராவை மூடிப் பையில் வைத்தாள். பாண்டிலட்சுமிக்கு ஏதோ பட்டுவிட்டது. நாங்கள் கிளம்பும்போது கார்வரை வந்தார்.

"எங்கம்மா மாரித்தாய் பொய் சொல்ற ஆள் இல்லம்மா," என்றார். "ஒருவேளை அது நான் இல்லேன்னா, படத்துல போடுறதுக்கு முன்னால எங்கிட்ட ஒரு வார்த்தை சொல்லிருங்க. ஊருக்குத் தெரியறதுக்கு முன்னால எனக்குத் தெரியணும்."

திரும்பும் வழியெல்லாம் எனக்கு மனசு சரியில்லை. அந்தக் கஷ்டத்தோடு கஷ்டமாகக் கீர்த்திகா இன்னொன்றையும் சொன்னாள். போட்டோ எடுத்தவரைக் கண்டுபிடித்துவிட்டாளாம். பெயர் கோட்டைச்சாமி, ஸ்டூடியோவை மூடிவிட்டு மல்லாங்கிணறில் மகள் வீட்டில் இருக்கிறார், வயது எண்பத்து மூன்று, வியாழக்கிழமை போகிறோம் என்றாள்.

புதன்கிழமையே நான் போனேன். ஸ்ரீவில்லிபுத்தூர் பால்கோவா ஒரு கிலோ வாங்கிக்கொண்டேன். பெரியவருக்கு மறதி வந்திருக்க வேண்டும் என்று எல்லாத் தெய்வத்தையும் வேண்டிக்கொண்டு போனால், மனிதர் என்னைப் பார்த்ததும் பிரஸ்காரர் மகன்தானே என்று கிருதாவைத் தாண்டி அடையாளம் கண்டுகொண்டார். அந்த போட்டோவுக்கு எவ்வளவு வெளிச்சம் வைத்தார், நான் எத்தனை தடவை அழுதேன், கடைசியில் எந்தக் கிலுகிலுப்பையைக் காட்டிச் சிரிக்கவைத்தார், எல்லாம் சொன்னார். நான் விஷயத்தைச் சொன்னேன். குழந்தை யார் என்று மட்டும் சொல்லக்கூடாது, சத்தியம் செய்ய வேண்டும் என்றேன். பெரியவர் வருத்தப்பட்டார். சொல்லிவிடுவேன் என்று எப்படி நினைத்தாய், வாக்கு என்றால் எனக்கு உயிர் என்றார். பால்கோவாவை வைத்துக்கொண்டு என் உள்ளங்கையில் ஓங்கி அடித்துச் சத்தியம் செய்தார்.

அவர் வாக்கு தவறவில்லை. அதை இங்கே பதிவு செய்தே ஆக வேண்டும்.

மறுநாள் காலை கீர்த்திகா அவரை ஜன்னல் பக்கம் உட்காரவைத்தாள். நான் வெளிச்சத்துக்காக வெள்ளைத் தெர்மாகோல் அட்டையைப் பிடித்துக்கொண்டு நின்றேன். கேமரா ஓடியது. பழைய லேபிளைக் கையில் கொடுத்து, இது நீங்கள் எடுத்ததா என்று கேட்டாள். ஆமாம் என்றார், கண் கலங்கிவிட்டது. அத்தனை கோடிப் பெட்டியிலும் தன் பெயர் ஒரு இடத்திலும் இல்லை என்றார். எனக்கே பாவமாக இருந்தது. அடுத்ததாக அவள் அந்தக் கேள்வியைக் கேட்டாள்.

பெரியவர் நிமிர்ந்து உட்கார்ந்தார்.

"அதை மட்டும் கேக்காத தாயி. கொன்னாலும் சொல்ல மாட்டேன். சொல்லக் கூடாதுன்னு உம் புருசன் நேத்துத்தான் பால்கோவா வாங்கியாந்து எங்கிட்ட சத்தியம் வாங்கிட்டுப் போனாக." அத்தோடு நிறுத்தியிருக்கலாம். "அவுக அம்மாவும் அப்பமே சொல்லித்தான் விட்டாக. ஆம்பளப் பிள்ளைக்குக் கவுன் மாட்டுனது வெளிய தெரிய வேண்டாம் அண்ணாச்சின்னாக. இன்னிக்கு வரைக்கும் ஒரு ஈ காக்காய்கிட்ட நான் சொன்னதில்ல."

சொல்லிவிட்டு, காப்பாற்றிவிட்டேன் பார்த்தாயா என்பது போல என்னைப் பார்த்தார்.

தெர்மாகோல் அட்டையை வைத்து என் முகத்தை மறைத்துக்கொண்டேன். சுவரில் வெளிச்சம் குதித்தது. கீர்த்திகா திரும்பவே இல்லை. என்ன கேமரா உபயோகித்தீர்கள் தாத்தா என்று அடுத்த கேள்விக்குப் போய்விட்டாள். பெரியவர் கேமராவைப் பற்றிக் கால்மணி நேரம் பேசினார். என் வாழ்க்கையில் அவ்வளவு நீளமான கால்மணி நேரம் இல்லை.

பெரியவர் தண்ணீர் குடிக்க உள்ளே போனதும், கேமரா பையைக் கொண்டுவாருங்கள் என்றாள். மூன்று படங்களாக நான் தோளில் சுமந்த பை. அதன் பக்கத்து ஜிப்பைத் திறக்கச் சொன்னாள். எதையும் கேட்காமல் சுமக்கிறவன் ஆகையால் அந்த ஜிப்பை நான் திறந்ததே இல்லை. உள்ளே ஒரு பிளாஸ்டிக் உறை. அதற்குள் இரண்டு படங்கள். ஒன்று, நிறம் மங்கிய குட்டிராணி லேபிள், பின்பக்கம் பசை காய்ந்திருந்தது. இன்னொன்று, கல்யாணத்துக்குப் பெண் தேடும்போது என் அப்பா தரகரிடம் கொடுத்தனுப்பிய என் போட்டோ. மெலிதான மீசை, சற்றே வலப்பக்கம் திரும்பிய முகம், இடது காது நன்றாகத் தெரிந்தது. காதுக்கு முன்னால் புள்ளியும் தெரிந்தது.

அவள் சொல்லச் சொல்ல நான் ஸ்டூலில் உட்கார்ந்துவிட்டேன். நான்காம் வகுப்பில் அந்த லேபிளை நோட்டு அட்டையில் ஒட்டிவைத்திருந்தாளாம். டீச்சர் கணக்குப் போடும் நேரமெல்லாம் அதைத்தான் பார்த்துக்கொண்டிருப்பாளாம். இந்தப் பிள்ளை யார், எதைப் பார்த்து இப்படிச் சிரிக்கிறது என்று யோசித்து யோசித்துத்தான் போட்டோ என்றாலே பைத்தியம் பிடித்ததாம். மூன்று படம் எடுத்ததற்கும் மூலகாரணம் அந்த அட்டைதானாம்.

"எங்கப்பா பதினோரு மாப்பிள்ளை போட்டோ கொண்டாந்து மேசையில பரப்புனாக," என்றாள். "பத்துப் பேரு மூஞ்சிய நான் பாக்கவே இல்லைங்க. உங்க காதைப் பாத்துத்தான் சரின்னேன்."

 எனக்குச் சந்தோஷத்தோடு கோபமும் வந்தது. தெரிந்துகொண்டே பதினெட்டு வருடம் ஏன் கேட்கவில்லை, இந்த வெயிலில் இருபத்தெட்டுக் காதுகளைத் தேடி என்னை ஏன் அலையவிட்டாய் என்று கேட்டேன்.

"நீங்களாச் சொல்லுவீகன்னு இருந்தேன். மீசை எடுத்தன்னிக்கும் அப்படித்தான் இருந்தேன், நாலாம் நாள் பொறுக்க முடியாமக் கேட்டுட்டேன். இதுக்குக் கொஞ்சம் கூடுதலாப் பொறுத்தேன்." கிருதாவைப் பார்த்தாள். "இதையும் எடுத்துருங்க. கண்றாவியா இருக்கு."

பெரியவர் திரும்பி வந்தபோது நான் அவர் நாற்காலியில் ஜன்னல் பக்கம் உட்கார்ந்திருந்தேன். அவர் வீட்டு ரேசரிலேயே கிருதாவை எடுத்துவிட்டிருந்தேன். தெர்மாகோல் அட்டையை இப்போது அவர் பிடித்தார். நான் பிடித்ததைவிட நன்றாகவே பிடித்தார். கேமராவைப் பார்த்து, என் பெயர் செந்தூர்பாண்டி, குட்டிராணி நான்தான் என்று சொன்னேன். ஒருமுறை சொன்னால் போதாதென்று மூன்று முறை சொல்லவைத்தாள். முதல் இரண்டு தடவையும் நான் தலையை ஆட்டிவிட்டேனாம்.

ஆனைக்குட்டத்துக்கு நான் மட்டும் போகிறேன் என்றேன். மீசையைப் பற்றிய பயம் போய்விட்டது, பாண்டிலட்சுமியைப் பற்றிய பயம்தான் பெரிதாக இருந்தது. அவர் பருத்தி காயவைத்துக்கொண்டிருந்தார். சுற்றி வளைக்காமல் சொல்லிவிட்டேன். என் இடது காதைக் காட்டினேன். பக்கத்தில் வந்து பார்த்தார். உள்ளே போய்ப் பெட்டியை எடுத்து வந்து வைத்துப் பார்த்தார். பெட்டியைக் கீழே வைத்துவிட்டுப் பருத்தியைக் கிளறிவிட்டார். உக்கிரபாண்டி வேறு வேலையாகப் போவது போல மாட்டைப் பிடித்துக்கொண்டு போய்விட்டார். எனக்கு அங்கேயே மன்னிப்புக் கேட்டுக் காலில் விழலாமா என்றுகூடத் தோன்றியது.

"அப்ப இத்தன வருசமா உங்க வேலையத்தான் நான் பாத்துக்கிட்டு இருந்திருக்கேன் அண்ணாச்சி," என்றார் கடைசியில். "முப்பது வருசம். ஒரு தீபாவளிக்கு நான் எங்கயும் போனதில்ல. இனி நீங்க வந்து பாருங்க."

கோபமாகச் சொன்னாரா, கேலியாகச் சொன்னாரா என்று எனக்குத் தெரியவில்லை. வருகிறேன் என்று மட்டும் சொல்லிவிட்டு வந்தேன்.

படம் கொச்சிக்குப் போனது. நாங்களும் போனோம். நூற்றைம்பது பேர், ஒருவர்கூட உறவினர் இல்லை. யாரும் மெஷின் நின்றுவிட்டது என்று சொல்லவில்லை. படம் முடிந்ததும் எழுந்து நின்று கைதட்டினார்கள். கீர்த்திகா என் சட்டையைப் பிடித்துக்கொண்டு அழுதாள். நான் வாழ்நாளெல்லாம் ஒளித்துவைத்த கவுனுக்கு இவ்வளவு கைதட்டலா என்று எனக்கும் அழுகை வந்தது. ஊரில் நான் பயந்ததுதான் நடந்தது. மூன்றாம் நாளே டீக்கடையில் ராணிக்கு ஒரு டீ என்று குரல் கேட்டது. லட்சுமிகாந்தம் மட்டும் போன் செய்து, பாட்னாவுக்குத் தெரிய வேண்டாம் என்று கேட்டுக்கொண்டார். ரோஸ்மில்க் ராஜபாண்டியன் வீட்டுக்கே வந்து என்னைக் கட்டிப்பிடித்துக்கொண்டான். இத்தனை நாள் ஊரில் தனியாக இருந்ததுபோல இருந்ததாம் அவனுக்கு. ஒரு வாரத்தில் எனக்குப் பழகிவிட்டது. பழகியது மட்டுமல்ல, உள்ளதைச் சொல்ல வேண்டுமென்றால், கொஞ்சம் பெருமையாகவும் ஆகிவிட்டது.

தீபாவளி அன்று மதியமே தலைக்குக் குளித்தேன். புதுவேட்டி கட்டினேன். மீசையை முறுக்கிக்கொண்டு கீர்த்திகாவோடு ஆனைக்குட்டம் போய் இறங்கினேன். பாண்டிலட்சுமி வாசலில் இரண்டு நாற்காலி போட்டிருந்தார். ஒன்றில் அவர், இன்னொன்றில் நான். நடுவில் குத்துவிளக்கு. தெருவில் பிள்ளைகள் வரிசை கட்டி நின்றார்கள். என் கை அரித்தது. நாற்பது வருட வேலை பாக்கி இருக்கிறதே.

முதலில் நின்றது ஆறு வயதுப் பெண். பெயர் எழில் என்றார்கள். இந்த மாமாதான் நிஜமான ராணி, இவரிடம் கொடு என்று பாண்டிலட்சுமியே சொன்னார். அது பெட்டியைப் பார்த்தது. என்னைப் பார்த்தது. மறுபடியும் பெட்டியைப் பார்த்தது. நான் இடது காதைத் திருப்பிக் காட்டினேன். கவுன் போட்டிருந்ததாகவும் சொன்னேன். அதுதான் தப்பாகப் போய்விட்டது போலிருக்கிறது. பிள்ளை பயந்துபோய்ப் பாண்டிலட்சுமியின் மடியில் பாக்கெட்டை வைத்துவிட்டு அவர் சேலையைப் பிடித்துக்கொண்டது.

அடுத்த பிள்ளையும் அவரிடமே போனது. அதற்கடுத்ததும். அறுபது பிள்ளைகளில் ஒன்றுகூட என் பக்கம் வரவில்லை. கொச்சியில் ஒத்துக்கொண்டார்கள், டீக்கடையில் ஒத்துக்கொண்டார்கள், ஆனைக்குட்டத்தில் என்னை ராணி என்று ஒத்துக்கொள்ள ஆள் இல்லை. பாண்டிலட்சுமி ஒவ்வொரு கம்பியாகப் பற்றவைத்துக் கொடுத்துக்கொண்டே என்னைப் பார்த்து, என்ன செய்ய அண்ணாச்சி என்பது போலச் சிரித்தார். அவர் முகம் அந்த வெளிச்சத்தில், சத்தியமாகச் சொல்கிறேன், பெட்டியில் இருக்கிற முகம் போலவே இருந்தது. எந்த உண்மையை மறைக்க நான் அத்தனை பாடுபட்டேனோ, அதை இப்போது நிரூபிக்க வழியில்லாமல் உட்கார்ந்திருந்தேன். எனக்கு நிஜமாகவே துக்கமாக இருந்தது.

வரிசை முடிந்தது. பிள்ளைகள் தெருவெல்லாம் மத்தாப்போடு ஓடினார்கள். நான் நாற்காலியை விட்டு எழுந்திருக்கப் போனேன். கீர்த்திகா ஸ்டாண்டை மடக்கி வைத்துவிட்டு, வரிசையின் கடைசி ஆளாக என் முன்னால் வந்து நின்றாள். கையில் குட்டிராணி பாக்கெட் இருந்தது.

"எனக்கு ஒண்ணு பத்தவச்சுக் குடுங்க," என்றாள்.

விளக்கில் கம்பியைப் பிடித்தேன். பற்றிக்கொள்ளக் கொஞ்சம் நேரம் ஆனது. அவள் அசையாமல் நின்றாள்.